தீவு டாக்டர் கிழித்த பக்கம்

கண்ணெதிரே பால் பொங்கி வழிவதைப் பார்த்தும் அடுப்பை அணைக்காமல், மணி பார்த்துக் குறித்துக்கொண்ட ஒரே மனிதப் பிறவி இந்த உலகத்தில் எங்கள் தீவு டாக்டர்தான்.

"பால் பொங்கறது கண்டில்லையா டாக்டரே?" என்று அம்மா ஓடிவந்தார்.

"பார்த்தேன். யார் ஓடி வர்றாங்கன்னு பார்க்கத்தான் நின்னேன். நான் கவனிக்க மட்டும்தான் செய்வேன், தலையிட மாட்டேன்."

காய்ச்சலுக்கு மாத்திரை கொடுக்கிற டாக்டர் இல்லை அவர். மானிடவியல். தீவில் ஆணென்றால் என்ன வேலை, பெண்ணென்றால் என்ன வேலை, யார் தன்னை எப்படிச் சொல்லிக்கொள்கிறார்கள் என்று ஆராய சென்னையிலிருந்து வந்து, கொச்சி மட்டாஞ்சேரியில் எங்கள் மாடியறையில் குடியேறிய ஐம்பது வயது அம்மாள். தினமும் என் தங்கை விமலாவோடு படகேறி வைப்பின் தீவுக்குப் போவார். விமலா அங்கே பள்ளிக்கூட டீச்சர்.

மழையில் படகு ஓடாத நாட்களில்தான் எங்களுக்குச் சனி பிடித்தது. மட்டாஞ்சேரியைச் சுற்றியும் தண்ணீர்தானே என்று எங்களையே ஆராய ஆரம்பித்துவிடுவார். வறுத்த மீனின் நடுத்துண்டு ஏன் எப்போதும் வீட்டு ஆம்பிள்ளையான என் தட்டுக்கே வருகிறது என்று கேட்டார். அன்றிலிருந்து எனக்கு நடுத்துண்டு தொண்டையில் இறங்கவில்லை. ஒருநாள் மாடிப்படியில் வழுக்கி விழுந்தேன். கைகொடுக்கவில்லை அந்த மகராசி. நான் முதலில் யாரைக் கூப்பிட்டேன் என்று எழுதிக்கொண்டிருந்தார். காலி செய்யச் சொல்லலாம் என்று மாதம் இரண்டு தடவை முடிவெடுப்பேன்.

அப்போதுதான் ஆலுவாவிலிருந்து விமலாவைப் பெண் பார்க்க வந்தார்கள். நல்ல இடம். தயவுசெய்து கீழே வராதீர்கள் என்று டாக்டரைக் கெஞ்சியிருந்தேன். வந்து மூலையில் உட்கார்ந்து நோட்டைத் திறந்தார்.

பேச்சு நன்றாகவே போனது. கடைசியில் மாப்பிள்ளையின் அண்ணன், கல்யாணத்துக்குப் பிறகு விமலா வேலைக்குப் போக வேண்டாம் என்றார். அம்மா என்னைப் பார்த்தார். அதற்கென்ன, விட்டுவிடுவாள் என்றேன் நான். சாயா கொண்டுவந்த விமலா தட்டையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

டாக்டர் பேனாவை மூடினார்.

"அரை மணி நேரமா எழுதறேன். எல்லாரும் பேசியிருக்கீங்க. விமலா பேசின வரி ஒண்ணுகூட இதுல இல்லை. அவளை யாராவது கேட்டீங்களா?"

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. ஒரு வருஷமாக அடுப்பைக்கூட அணைக்காதவர், தலையிட வேறு நாளா கிடைக்கவில்லை?

விமலா தட்டைக் கீழே வைத்தாள்.

"ஜோலியை நான் விட மாட்டேன், கேட்டீங்களா."

ஆலுவாக்காரர்கள் சாயாவை மட்டும் குடித்துவிட்டுப் போனார்கள். அம்மா மூன்று நாள் டாக்டரோடு பேசவில்லை. டாக்டரோ, தானே தலையிட்டதால் குறிப்பு கெட்டுப்போய்விட்டது என்று புலம்பி, அந்தப் பக்கத்தைக் கிழித்து விமலாவிடம் கொடுத்துவிட்டார்.

ஆராய்ச்சி முடிந்து அவர் போன பிறகுதான் அதை வாங்கிப் படித்தேன். நான் பேசியது ஏழு வரி இருந்தது. அத்தனையும் விமலாவைப் பற்றி; விமலாவிடம் ஒன்றுமில்லை. வெட்கமாக இருந்தது.

விமலா இன்றும் காலைப் படகில்தான் போகிறாள். மாடியறையில் வேறு யாரையும் குடிவைக்க எனக்கு மனம் வரவில்லை. பால் பொங்கினால் இப்போது நான்தான் ஓடுகிறேன். அணைத்த கையோடு, யாராவது குறித்துக்கொண்டார்களா என்று மாடிப்படியைப் பார்க்கிறேன்.