ஆறரை மணிக் காட்சி

என் வீரம் ஊரறிந்தது. இந்தோனேசியாவின் பூர்வொகெர்த்தோவில் எங்கள் தெருக் காவல்குழுவுக்கு நான்தான் தலைவன். அப்படிப்பட்ட எனக்குப் பேய்ப்படம் என்றால் குலை நடுங்கும் என்பது யாருக்கும் தெரியாது. முக்கியமாக என் மனைவி லஸ்த்ரிக்கு.

அன்று மத்தியானம் அவள் போனைத் தூக்கிக்கொண்டு துள்ளிக் குதித்து வந்தாள்.

"என்னங்க! டிக்கெட் கிடைச்சிருச்சு! ஊரே அடிச்சுக்குது, எனக்கு ரெண்டு கிடைச்சிருச்சு! ஆறரை மணி ஷோ!"

"எந்தப் படம்?"

"கேக்குறாரு பாரு! நம்ம நாட்டுப் பேய்ப்படம்தான்! வெளிநாட்டுப் படத்தையெல்லாம் தூக்கிட்டு அஞ்சு தியேட்டர்லயும் இதையே போட்டுட்டான். மலேசியாவுலகூட வரிசையில நிக்கிறாங்களாம்! பொணத்துக்குச் சுத்துற கஃபன் துணியோட பேய் குதிச்சுக் குதிச்சு வருமாம், முன்வரிசையில உக்காந்தா மடியிலயே விழுற மாதிரி இருக்குமாம். நமக்கு முன்வரிசைங்க!"

நம் படம் நாடு நாடாக ஓடுவதில் எனக்கும் பெருமைதான். நான் இல்லாமல் ஓடட்டுமே!

ஐந்தே முக்காலுக்குப் பாயில் சுருண்டேன்.

"லஸ்த்ரி... உடம்புக்குள்ள காத்து புகுந்துருச்சு. குளுருதுடி."

எங்கள் ஊரில் இதற்கு ஒரே வைத்தியம். முதுகில் எண்ணெய் தடவி, காசால் வரிவரியாகச் சிவக்கச் சுரண்டுவது. மற்றவர்களுக்குக் கால்மணி போதும். நான் முடிக்க விடவில்லை.

"போதுமாங்க?"

"தோள்பட்டையில இன்னும் இருக்கு."

"நல்லாவே சிவந்திருக்கே! பாவம், எவ்வளவு காத்து!" அழுத்திச் சுரண்டினாள்.

"ஆத்தாடி! ...இடுப்புப் பக்கமும்."

"இடுப்புலயுமா?"

"அங்கதான் ஜாஸ்தி."

கருப்புக்குப் பயந்து காற்றை வரவழைத்துக்கொண்டவன், பொறுத்துக்கொள்ள வேண்டியதுதானே? முதுகு வரிக்குதிரை ஆனது. மணி ஆறு இருபது. ஆறு இருபத்தைந்து. கழுத்தையும் கொடுத்தேன்.

ஆறு நாற்பது! அந்தச் சந்தோஷத்தை என்னவென்று சொல்வேன்! முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு எழுந்து உட்கார்ந்தேன்.

"பாழாப்போன காத்து! படம் போச்சே லஸ்த்ரி! எவ்வளவு ஆசையா இருந்தேன்!"

"நெசமாவா?"

"சத்தியமா! இப்ப உடம்பு கல்லு மாதிரி இருக்கு. டிக்கெட்தான் வீணாப்போச்சு."

லஸ்த்ரி காசைத் துடைத்து டப்பாவில் போட்டாள். என் சட்டையை எடுத்து நீட்டினாள்.

"ஒண்ணும் வீணாகலை, கெளம்புங்க. ஷோ ஏழரைக்குத்தான். உங்க காத்துக்குன்னு ஒரு மணி நேரம் கொறைச்சுத்தான் சொன்னேன்."