சஸ்பென்ஸ் சார் கொடுத்த வாக்குமூலம்

பல் துலக்கியதைக்கூட, கேட்பவனுக்கு வியர்க்கிற மாதிரிச் சொல்லத் தெரிந்த ஒரே மனிதர் எங்கள் பிள்ளைப்பாக்கம் சஸ்பென்ஸ் சார்தான். லண்டனில் இருபது வருஷம் டி.வி.க்குப் போலீஸ் தொடர்கள் எழுதிவிட்டு, தங்கை வீட்டோடு வந்து சேர்ந்தவர். “பிரஷ்ஷ எடுத்தேன். பின்னாடி சத்தம்” என்று அவர் நிறுத்திய அந்த நிமிஷத்தில்தான், பி.ஏ. முடித்துச் சும்மா சுற்றிக்கொண்டிருந்த எனக்கு, நாமும் திரைக்கதை எழுதினால் என்ன என்று தோன்றியது. மறுநாளே நோட்டு வாங்கிவிட்டேன். சாரின் பின்னால் நின்றது எருமை என்பது அதற்கப்புறம்தான் தெரிந்தது.

அவர் சொல்வார், நான் எழுதுவேன். உட்கார்ந்த இடத்தில் அவருக்குக் கதை வராது. வசனத்தை நடந்துகொண்டே சொல்லிப் பார்த்து, ஸ்டாப்வாட்சில் நேரம் பிடிக்கவேண்டும். செம்பரம்பாக்கம் ஏரிக்கரைதான் லாயக்கு என்று இழுத்துப்போனார். அந்த வருஷம் மே மாதம் பக்கத்து ஊர்த் தேர்தல் கூட்டத்தில் குண்டு வெடித்து ஒரு பெரிய தலைவர் இறந்த பிறகு, எங்கள் பக்கத்தில் புதுமுகம் ஒன்று டீ குடித்தாலே விசாரணை. அந்த நேரத்தில் ஏரிக்கரை, ஒரு பை, கையில் ஸ்டாப்வாட்ச். அரை மணியில் ஜீப் வந்தது.

ஸ்டேஷனில் எஸ்.ஐ. என் நோட்டைப் பிரித்து உரக்கப் படித்தார். “ஏரிக்கரை. பகல். இருவர் காத்திருக்கிறார்கள். பையைத் திறக்காதே.” குண்டோ என்று யாரும் திறக்காமல் வாசலிலேயே வைத்திருந்த பையில் இருந்தது தயிர்சாதம். அதைச் சொன்னால் முடிந்தது. ஆனால் சார், மந்தமான காட்சி எதையும் சும்மா விட்டவரில்லை. பையில் என்ன என்று கேட்டதற்கு, ஜன்னலைப் பார்த்துப் பெருமூச்சு விட்டார். வாக்குமூலம் எழுதிய ஏட்டிடம், “‘கரைக்குப் போனேன்’னு வேணாம் சார். ‘நழுவினேன்’னு போடுங்க, எடுப்பா கீது” என்றார். ஏட்டும் போட்டார்.

எஸ்.ஐ. என் பக்கம் திரும்பி, கையெழுத்து யாருடையது என்று கேட்டார். என்னுடையது என்றேன்.

“பெரியவரு கெளம்பட்டும். இவன உள்ள வையி.”

எப்போது வெளியே வருவேன் என்று நினைத்துப் பார்க்கவே பயமாக இருந்தது. சார் எழுந்தார். நான் அறிய முதல் தடவையாக, நடுவில் நிறுத்தாமல் பேசினார்.

“சார், அது தயிர்சாதம். புள்ள நான் சொன்னத எழுதினான், அவ்ளோதான். நானும் பெரிய ஆளு இல்ல. லண்டன்ல இருவது வருசமா அடுத்தவன் எழுதின சீனத்தான் திருத்திக்கினு கெடந்தேன். எம் பேரு ஒருக்கா கூட திரையில வர்ல. ஊருல சொன்னதெல்லாம் அளப்பு.”

எஸ்.ஐ. நோட்டை மூடினார்.

“இவ்ளோ சப்பையான கதைய எவனும் ஜோடிக்கமாட்டான்யா. ரெண்டு பேரையும் அனுப்பு.”

திரும்பும்போது பஸ்ஸில் சார் பையைத் திறந்து, தயிர்சாதத்தில் பாதியை என்னிடம் நீட்டினார்.

நாளையிலிருந்து அந்த ஸ்டேஷன் காட்சியை, ஒரு சொல்லும் கூட்டாமல் எழுதப்போகிறேன். திருத்தித் தருவதாகச் சார் சொல்லியிருக்கிறார். முதல் பக்கத்தில், எழுதியவர் என்று அவர் பெயரைத்தான் போடுவேன். அதை மட்டும் அவரைத் திருத்த விடமாட்டேன்.