பன்னிரண்டாம் தேதியை ஆட்டி எடுத்த நீர்நாய்

ஒரு காட்டில், அதுவும் கால் வைத்தால் முழங்கால்வரை சேறு ஏறும் அலையாத்திக் காட்டில், செங்காந்தாள் என்றொரு நீர்நாய் இருந்தாள். இன்னும் நீந்தப் பழகாத நான்கு குட்டிகளுக்குத் தாய். வாய் கொஞ்சம் நீளம். அந்த வாயை வைத்துத்தான் அவள் அதுவரை பிழைத்து வந்தாள்.

அந்தக் காட்டுக்காரர்களுக்கு ஒருநாள் ரோஷம் வந்துவிட்டது. "நிலாவைப் பார்த்து நாள் எண்ணுகிறோமே, அது இரவல் வெளிச்சமாமே! நமக்கென்று சொந்தமாக மின்னுகிற கடல் இல்லையா?" என்று கூட்டம் போட்டு, கையோடு புதிய நாட்காட்டி ஒன்றும் செய்துவிட்டார்கள். கடலில் எந்த உயிர் மின்னுகிறதோ, அதுதான் மாதம். கண்ணுக்குத் தெரியாத பொடி உயிர்கள் நீலமாக மின்னினால் நீலப்பொடி மாதம். அடுத்தது சொறிமீன் மாதம். அதற்கடுத்தது கணவாய் மாதம். தேதி வேண்டுமா? கடல்நீரை மொண்டு ஒரு தடவை ஆட்ட வேண்டும். எத்தனை மின்னல் தெறிக்கிறதோ, அத்தனையாம் தேதி. எல்லோரும் கை தட்டினார்கள். கடல் மட்டும் கை தட்டவில்லை. அது பழையபடி நிலாவைப் பார்த்துத்தான் பொங்கிக்கொண்டிருந்தது.

அந்தப் பொங்கலில்தான் செங்காந்தாளுக்குச் சிக்கல். இன்னும் இரண்டு நாளில் பௌர்ணமி. அவளுடைய கரை வளை மூழ்கிவிடும். மேட்டில் ஒரு வளை காலியாக இருந்தது. நீலப்பொடி மாதம் பதினைந்துக்குள் மனுக் கொடுத்தால் அது அவளுக்கு. கொடுக்காவிட்டால், பக்கத்தில் யார் படுத்திருக்கிறார்களோ அவர்களுக்கு. உக்கிரபாண்டி என்கிற உடும்பு ஒரு வாரமாக அங்கேயே படுத்திருந்தான்.

"என்ன தங்கச்சி, இன்னிக்கும் ஆபீஸா? போய்ட்டு வா, போய்ட்டு வா. வளைய நான் பாத்துக்கறேன்" என்றான்.

"நீ பாக்கறதுதான்ணே எனக்குப் பயமா இருக்கு" என்று சொல்லிவிட்டு அவள் ஐந்தாவது முறையாக வரிசையில் போய் நின்றாள்.

மனு வாங்குகிறவர் தணிகாசலம் என்ற நாரை. ஒற்றைக் காலில் நின்றபடியே முப்பது வருஷம் வேலை பார்த்தவர். மனுவை வாங்கினார், திருப்பினார், நீட்டினார்.

"தேதி போடலியேம்மா."

"என்ன தேதின்னு நீங்களே சொல்லுங்கய்யா."

"பகல்ல எப்படித் தெரியும்? மின்னினாத்தானே? ராத்திரி வா."

"ராத்திரி ஆபீஸ் இருக்கா?"

"ராத்திரி மூடிடுவோம்."

"அப்ப நேத்து ராத்திரி பார்த்த தேதியப் போடட்டா?"

"அது நேத்துத் தேதி. நீ மனு குடுக்கறது இன்னிக்கு."

செங்காந்தாளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மீசை விறைத்தது. வரிசையில் நின்ற நண்டுகளெல்லாம் வேடிக்கை பார்க்கக் கண்ணை உயர்த்தின. அவள் கத்தவில்லை. கரைக்கு ஓடினாள். ஒரு கொட்டாங்கச்சியில் கடல்நீரை மொண்டாள். ஒதுங்கிக் கிடந்த சாக்குப்பை ஒன்றை இழுத்துக்கொண்டு திரும்பினாள்.

"என்னம்மா இது?" என்று நாரை கேட்டு முடிப்பதற்குள், சாக்கு அவர் தலையோடு இறங்கிவிட்டது. அவளும் உள்ளே புகுந்துகொண்டாள்.

"ராத்திரி ஆயிடுச்சுங்கய்யா. எண்ணுங்க" என்று சொல்லிக் கொட்டாங்கச்சியை ஒரு உலுக்கு உலுக்கினாள். நீலமாகத் தெறித்தது.

நாரை மூச்சைப் பிடித்துக்கொண்டு எண்ணினார். "பதினெட்டு. அடடா, கெடு முடிஞ்சு மூணு நாள் ஆச்சேம்மா!"

நான்கு குட்டிகளும் தண்ணீரில் தத்தளிப்பது அவள் கண் முன்னே வந்து போனது. ஆனால் கோபத்தில் உலுக்கியது தன் கைதானே என்பதும் கூடவே உறைத்தது. இந்த முறை குழந்தைக்குத் தொட்டில் ஆட்டுவதுபோல் ஆட்டினாள்.

"இப்ப எத்தனைங்கய்யா?"

"பன்னிரண்டு..." நாரை குழம்பிப்போனார். "இதுல எதும்மா சரி?"

"கடைசியா உங்க கண்ணுல பட்டது எதுவோ அது."

சாக்குக்குள் கழுத்தை வளைத்து அலகை அவள் காதருகே கொண்டுவந்தார். பிறகு நாரை குரலை இறக்கினார். "இந்தாம்மா... சொறிமீன் மாசம் பொறந்தா எனக்கு ஓய்வு. வீட்ல பகல் முழுக்க இருந்தா, எங்க வீட்டம்மா என்னை ரெண்டு கால்லயும் நிக்கச் சொல்லுவா. அந்த மாசம் பொறக்காமலே..."

"எங்கிட்ட இருக்கறது நீலத் தண்ணிதான்யா. இதையே ஆட்டிட்டிருந்தா சொறிமீன் எங்கிருந்து வரும்?"

"ஆட்டுவியா?"

"முதல்ல முத்திரை. அப்புறம் மாசம்."

"மாசத்த உறுதி பண்ணு, முத்திரை போடறேன்."

"கொட்டாங்கச்சிய மண்ணுல கவுத்துடுவேன்!"

முத்திரை விழுந்தது. கூடவே 'காட்டுத் தேதி அதிகாரி' என்று ஒரு பதவியும் விழுந்தது, நிழலில் உட்காரும் உரிமையோடு.

பௌர்ணமிக்குத் தண்ணீர் ஏறியபோது குட்டிகள் மேட்டு வளையில் காய்ந்த தரையில் குறட்டை விட்டன. உக்கிரபாண்டி மரக்கிளையில் தொங்கிக்கொண்டிருந்தான். பௌர்ணமியே இல்லாத புது நாட்காட்டியை நம்பிக் கரை வளைகளில் இருந்த நண்டுகளின் பாடு சொல்லி மாளாது.

தண்ணீர் வடிந்ததும் நண்டுகள் ஒன்றுகூடி மனு எழுதின: 'இந்த நாட்காட்டி வேண்டாம். நிலாவே போதும்.' அதைத் தூக்கிக்கொண்டு பக்கவாட்டில் நடந்தே ஆபீஸுக்கு வந்தன. போன வாரம் இதே வரிசையில் நம்மோடு நின்றவள் அல்லவா, நம் கஷ்டம் தெரிந்தவள் என்று நம்பி மனுவைச் செங்காந்தாளிடமே நீட்டின.

அவள் சாக்குக்குள் போய் ஆட்டிப் பார்த்துவிட்டு வெளியே வந்தாள்.

"இன்னிக்குத் தேதி பன்னிரண்டு. பன்னிரண்டாம் தேதி புகார் மனு வாங்கறதில்ல."

"நேத்தும் பன்னிரண்டுதானே சொன்னீங்க!"

"அப்ப நாளைக்கு வந்து பாருங்க" என்றாள் செங்காந்தாள்.

நீதி: கிறுக்குச் சட்டத்தை எதிர்த்து மூச்சைப் பிடித்து மல்லுக்கட்டுங்கள்; அந்தச் சட்டத்துக்குள்ளேயே உங்களுக்கென்று ஒரு வளை கிடைத்ததும், உள்ளே போய் வாசலை அடைத்துக்கொள்ளுங்கள்.