ஸ்பான்சர் நான்தான்

என் மனைவியை வெளிநாட்டுக்குப் படிக்க அனுப்பவே கூடாது என்று நான் முடிவு செய்த நாளில், அவள் கையைப் பிடித்துக் குலுக்கி மனதார வாழ்த்தினேன். கல்யாணமானவன் எந்த முடிவையும் இப்படித்தான் எடுக்க முடியும்.

அவள் ஒரு மருத்துவமனையில் பேச்சுப் பயிற்சி கொடுப்பவள். பக்கவாதம் வந்து பேச்சிழந்தவர்களைப் பேச வைப்பது தொழில். பேசிக்கொண்டிருப்பவனை வாயடைக்க வைப்பது வீட்டுக்கு வந்தபின் பொழுதுபோக்கு. பையன் கல்யாணமாகித் தனிக்குடித்தனம் போனதும், இனி நாங்கள் இருவரும் சோபாவின் இரண்டு மூலைகளில் சாய்ந்து டிவி பார்த்தே காலத்தை ஓட்டிவிடலாம் என்று கணக்குப் போட்டிருந்தேன். அவள் என்னடாவென்றால், கடல் தாண்டி இருக்கும் ஒரு பல்கலைக்கழகத்துக்கு விண்ணப்பம் போட்டிருக்கிறாள். அவர்களும் கூச்சமில்லாமல் வா என்று சொல்லிவிட்டார்கள். ஆராய்ச்சிப் படிப்பு. உதவித்தொகையோடு. மூன்று வருடம்.

"இந்த வயசுல படிப்பா?" என்றேன்.

"யாரு வயசைச் சொல்றீங்க?"

"உன் வயசைத்தான்."

"உங்களைவிட எனக்கு நாலு வயசு கம்மி. அதுல மூணைத்தான் செலவு பண்றேன்."

வேண்டாம் என்று சொல்லியிருந்தால் அன்றே பெட்டி கட்டியிருப்பாள். அதனால்தான் வாழ்த்தினேன்.

எதிர்வீட்டுக்காரர் டிரைவிங் ஸ்கூல் நடத்துகிறார். தெருவில் அவரை எல்லோரும் 'பிரேக்' என்றுதான் கூப்பிடுவார்கள். வாசலில் கார் துடைத்துக்கொண்டிருந்தவரிடம், ஊரான் வீட்டுச் சங்கதி போல, "ஒருத்தர் ஒரு காரியத்துல வேகமாப் போறார். சண்டை போடாம எப்படி நிறுத்தறது?" என்று கேட்டேன்.

"எங்க கார்ல என் கால் பக்கத்துல தனியா ஒரு பிரேக் இருக்கு சார். ஸ்டியரிங்கை நான் பிடுங்கவே மாட்டேன். நல்லா ஓட்டுறீங்கம்மான்னு பாராட்டிக்கிட்டே லேசா மிதிப்பேன். இன்ஜின்ல ஏதோ கோளாறுன்னு அவங்களே நினைச்சுக்குவாங்க."

அந்த மனுஷனைக் கட்டிப்பிடிக்காததுதான் பாக்கி. ஏனென்றால் என் உத்தியோகமே அதுதான். காப்பீட்டு அலுவலகத்தில் கிளெய்ம் பிரிவு. ஒரு ஃபைலை மறுக்காமலே அதன் மூச்சை நிறுத்துவது எனக்குக் கைவந்த கலை. 'கிடையாது' என்றால் ஜனங்கள் வழக்குப் போடுவார்கள். 'இன்னும் ஒரே ஒரு தாள் மட்டும் கொண்டு வாங்க' என்றால் நன்றி சொல்லிவிட்டுப் போவார்கள்.

மறுநாள் காலை டீ குடிக்கும்போது அவளே ஆரம்பித்தாள்.

"விசாவுக்கு ஸ்பான்சர்ஷிப் பேப்பர் வேலையெல்லாம் ஆரம்பிக்கணும்ங்க. உங்க பேப்பரும் கொஞ்சம் வேணும்."

ஸ்பான்சர். அந்த வார்த்தை காதில் விழுந்ததும் முதுகு தானாக நிமிர்ந்தது. என் கையெழுத்து இல்லாமல் விமானம் தரையை விட்டு எழும்பாது என்று புரிந்தது.

"அப்ப ஸ்பான்சர் நான்தான்," என்றேன்.

அவள் என்னைப் பார்த்தாள். டீயைக் குடித்தாள். "பேப்பரை எடுத்துக் குடுங்க," என்றாள்.

ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. ஆபீசில் ஒருவர் கேள்விக்குப் பதில் சொல்லாமல் டீ குடித்தால் அப்போதே அமுக்கிப் பிடித்துவிடுவேன். வீட்டில் விட்டுவிட்டேன்.

அவள் கேட்டது என் பாஸ்போர்ட், என் போட்டோ, கல்யாணப் பதிவுச் சான்றிதழ், என் நெஞ்சு எக்ஸ்ரே. படிக்கப் போகிறவள் அவள், எக்ஸ்ரே எனக்கு எதற்கு என்று கேட்கத் தோன்றவில்லை. ஸ்பான்சர் என்றால் நெஞ்சுரம் இருக்கிறதா என்று பார்ப்பார்கள் போலிருக்கிறது என்று நினைத்தேன்.

வேலையில் இறங்கினேன். பாஸ்போர்ட்டை என் சட்டைகளுக்கு அடியில் ஒளித்துவிட்டு வீடு முழுக்கத் தேடினேன். கட்டிலுக்கு அடியில் தேடினேன். ஃபிரிட்ஜுக்குப் பின்னால் தேடினேன். அவளும் கூடவே தேடினாள், பாவம். போட்டோவில் கண்ணை மூடிக்கொண்டேன். மறுபடி எடுத்தபோது சிரித்துவிட்டேன். மூன்றாவது தடவை, பின்னால் வெள்ளையாக இருக்க வேண்டிய இடத்தில் ஸ்டூடியோக்காரரின் காலண்டர் தெரிகிற மாதிரி சாய்ந்து உட்கார்ந்தேன். எக்ஸ்ரேவுக்கு, "சளி போகட்டும், இப்ப எடுத்தா தப்பாத் தெரியும்," என்று இருமிக் காட்டினேன். இருமி இருமி நிஜமாகவே சளி பிடித்துக்கொண்டது.

சான்றிதழ் விஷயத்தில்தான் என் திறமை முழுதும் வெளிப்பட்டது. அதில் என் பெயரில் ஓர் எழுத்து கூடுதலாக இருந்தது. இத்தனை வருடமும் அது எங்கள் குடித்தனத்துக்கு ஒரு கெடுதலும் செய்ததில்லை. நானே போய்த் திருத்தச் சொல்லி மனு கொடுத்து, அசலையும் ஒப்படைத்துவிட்டு வந்தேன். அங்கே இருந்த அதிகாரி, "நாளாகும் சார்," என்றார். "நிதானமாப் பண்ணுங்க," என்று கும்பிட்டேன். தாமதத்துக்காக அந்த ஆபீசில் யாராவது கும்பிடு வாங்கியிருந்தால் அது அன்றைக்கு மட்டும்தான்.

அவள் கேட்டது ஆவணம். நான் காட்டியது ஆணவம். எழுத்துகள் கொஞ்சம் இடம் மாறிவிட்டன, அவ்வளவுதான்.

இந்தத் துக்கச் செய்தியை முகத்தில் தேவையான சோகத்தோடு சொல்ல நேரே மருத்துவமனைக்குப் போனேன். அவள் அறைக் கதவு பாதி திறந்திருந்தது. முன்பு லாரி ஓட்டிக்கொண்டிருந்த ஒருவர் சக்கர நாற்காலியில் இருந்தார். ஆள் மலை மாதிரி. வாய் மட்டும் ஒரு பக்கம் இழுத்திருந்தது. பக்கத்தில் அவர் சம்சாரம். என் மனைவி ஒரு டம்ளரைக் காட்டிவிட்டுச் சும்மா இருந்தாள். அவர், "த... த..." என்று முட்டினார். நெற்றியில் வேர்த்தது. அவர் சம்சாரம் தானே சொல்ல வாயைத் திறந்தாள். என் மனைவி கையமர்த்தினாள். அவசரமே இல்லை. பஸ் எப்படியும் வரும் என்று தெரிந்தவள் நிறுத்தத்தில் நிற்பாளே, அந்த மாதிரி உட்கார்ந்திருந்தாள்.

"தண்ணி," என்றார் அவர்.

அவர் சம்சாரம் அந்த டம்ளரைக் கொடுக்க மறந்து அழுதுகொண்டிருந்தாள்.

போய் பாஸ்போர்ட்டை எடுத்துக் கொடுத்துவிடலாமா என்று தோன்றியது. அடுத்து எங்கள் வீட்டுச் சோபா கண்ணுக்கு முன்னால் வந்தது. இரண்டு மூலைகள். ஆள் ஒருத்தன். தோன்றியதை அங்கேயே விழுங்கிவிட்டு, சான்றிதழ் சிக்கிக்கொண்டதை மட்டும் சொன்னேன்.

"சரி, வரும்போது வரட்டும்," என்றாள். கோபமே இல்லை. அதைப் பார்த்தாவது எனக்குப் பயம் வந்திருக்க வேண்டும்.

அதற்கப்புறம் சில வாரம் நான் ராஜா மாதிரி இருந்தேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை எதிர்வீட்டுப் பிரேக் கேட்டைத் திறந்துகொண்டு வந்தார்.

"அக்கா எப்ப கிளம்பறாங்க சார்?"

"எங்க கிளம்பறது? இன்னும் பேப்பரே சேரலை."

"அப்படியா? கைரேகையெல்லாம் எடுத்தாச்சே."

"என்ன கைரேகை?"

"விசா ஆபீஸ்ல சார். செம கூட்டம். நான்தானே கூட்டிட்டுப் போனேன்."

"நீங்களா? பிரேக் போடறது எப்படின்னு எனக்குச் சொல்லிக்குடுத்தவரே நீங்கதானே?"

"நான் காரைப் பத்திச் சொன்னேன். நீங்க எதைப் பத்திக் கேட்டீங்க?"

உள்ளே ஓடினேன். அவள் துணிகளுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"விசா ஆபீசுக்குப் போனியா?"

"போனேனே."

"ஸ்பான்சர்ஷிப் பேப்பர் இல்லாம எப்படி உள்ள விட்டாங்க?"

"இருந்துச்சே. அது வந்து ரொம்ப நாளாச்சு."

"ஸ்பான்சர் கையெழுத்தே போடலையேம்மா."

அவள் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். "படிக்கப் போறவங்களுக்கு ஸ்பான்சர் யுனிவர்சிட்டிங்க. இந்த அம்மா எங்ககிட்ட படிக்க வர்றாங்க, நாங்க பொறுப்புன்னு அவங்கதான் எழுதிக் குடுக்கணும். என் மார்க்‌ஷீட், வேலை பார்த்த சர்ட்டிபிகேட், இங்கிலீஷ் பரீட்சை, உதவித்தொகைக் கடிதம் எல்லாம் அனுப்பினேன். வீடியோவுல ஒருத்தர் கேள்வி கேட்டார். பதில் சொன்னேன். லெட்டர் குடுத்துட்டாங்க. விசாவும் வந்தாச்சு."

விசா என்பது விசாரணையின் சுருக்கம் என்று நினைத்திருந்தேன். என்னை விசாரிக்காமலே வந்திருக்கிறது.

"அப்ப என் பாஸ்போர்ட்? என் போட்டோ? என் நெஞ்சு?"

"ஆராய்ச்சிக்கு வர்றவங்க வீட்டுக்காரரையும் கூட்டிட்டு வரலாம்னு சொன்னாங்க. உங்க விசாவுக்குக் கேட்டேன்."

நான் நாற்காலியைத் தேடி உட்கார்ந்தேன். இத்தனை நாளும் நான் ஏறி மிதித்துக்கொண்டிருந்தது என் சொந்த வண்டியின் பிரேக்.

"இதை முதல்லயே சொல்றதுக்கென்ன?"

"எங்க விட்டீங்க? நீங்கதான் ஃபிரிட்ஜுக்குப் பின்னால தேடிக்கிட்டு இருந்தீங்களே." அவள் மறுபடி பெட்டியை எடுத்தாள். "பரவாயில்லை விடுங்க. உங்களுக்கு ஆபீஸ் இருக்கு, டிவி இருக்கு. நான் மட்டும் போயிட்டு வர்றேன்."

இஸ்திரி போட்டு அடுக்கியிருந்த துணிகளைப் பார்த்தேன். எல்லாம் அவளுடையது. என் சட்டை ஒன்றுகூட இல்லை.

மறுநாள் நான் ஓடிய ஓட்டத்தை என் ஆபீசில் யாராவது பார்த்திருந்தால் நம்பியிருக்கமாட்டார்கள். ஒரே தடவையில் கண்ணைத் திறந்து, வாயை மூடி, போட்டோ எடுத்துக்கொண்டேன். ஸ்டூடியோக்காரர், "உடம்பு சரியில்லையா சார்?" என்றார். எக்ஸ்ரே எடுத்தேன். மேலாளரிடம் சம்பளமில்லாத நீண்ட விடுப்புக்கு எழுதிக் கொடுத்தேன். அவர் மறுப்பார் என்று உள்ளூர ஒரு பயம். "தாராளமா," என்று படிக்காமலே கையெழுத்துப் போட்டார். அது வேறு வலித்தது.

பதிவு அலுவலகத்தில் அதே அதிகாரி.

"சார், அந்தத் திருத்தம் வேண்டாம். அசலைத் திருப்பிக் குடுத்துடுங்க."

"திருத்தச் சொன்னது நீங்கதானே?"

"நான்தான். இப்ப வேண்டாம்."

"வேண்டாம்னா, வேண்டாம்னு ஒரு மனு குடுங்க."

எழுதிக் கொடுத்தேன். வாங்கி, மேலும் கீழும் பார்த்தார்.

"எல்லாம் சரியா இருக்கு சார். இன்னும் ஒரே ஒரு தாள் மட்டும் கொண்டு வாங்க. ஏன் வேண்டாம்னு காரணம் போட்டு, வீட்டம்மா கையெழுத்தோட."

அந்தக் கனிவு, அந்தப் பொறுமை, பேனாவை மூடுகிற அந்த அழகு. எதிர் நாற்காலியில் நானே உட்கார்ந்திருந்தேன்.

"நிதானமாக் கொண்டு வாங்க சார். நாங்க எங்கயும் போகப் போறதில்லை."

"நான் போகணுமே," என்றேன். அவர் அடுத்த ஆளைப் பார்த்தார்.

வீட்டுக்கு வந்தேன். பெட்டியில் துணி அடுக்கிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் போய் நின்றேன்.

"நானும் வர்றேன்."

"எங்க?"

"உன்கூட."

"அங்க ரொம்பக் குளிருங்க."

"போர்த்திக்கறேன்."

"ஆபீஸ்?"

"எழுதிக் குடுத்துட்டேன். மேலாளருக்கு ரொம்ப சந்தோஷம்."

"நாள் பூரா வீட்டுல தனியா இருக்கணும். டிவியில அவங்க பேசறது புரியாது."

"இங்க பேசறதே எனக்குப் புரியலை. பழகிட்டேன்."

"நான் லேட்டா வருவேன். சமையல் நீங்கதான்."

"செய்யறேன்."

"பாத்திரமும்?"

"தேய்க்கறேன்."

"துணி?"

கொஞ்சம் தயங்கினேன். அவள் பெட்டியின் ஜிப்பை இழுக்கப் போனாள்.

"துணியும்," என்றேன். "ஆனா சான்றிதழ் அங்கேயே மாட்டிக்கிச்சும்மா. நீ ஒரு கையெழுத்து போட்டாதான் வெளிய வரும். தயவு பண்ணி என்னை விட்டுட்டுப் போயிடாதே."

கடைசி வாக்கியம் நான் திட்டமிடாதது. குரல் வேறு உடைந்துவிட்டது. அவள் பெட்டியை விட்டுவிட்டு என்னைப் பார்த்தாள். பிறகு பீரோவைத் திறந்து ஒரு பிளாஸ்டிக் உறையை எடுத்தாள். முத்திரை குத்திய சான்றிதழ் நகல் அதில் இருந்தது. என் பாஸ்போர்ட் இருந்தது. என் விண்ணப்பம், கடைசிக் கட்டம் வரை நிரப்பி, கையெழுத்து இடத்தில் பென்சிலால் ஒரு புள்ளி வைத்து, தயாராக இருந்தது.

"இந்த நகல்?"

"நீங்க அசலைத் தூக்கிட்டுப் போகப் போறீங்கன்னு தெரிஞ்சுது. அதுக்கு முன்னாலயே வாங்கிட்டேன்."

"பாஸ்போர்ட்?"

"உங்க சட்டையை மடிச்சு வைக்கிறது யாருங்க?"

"அப்ப இன்னிக்கு நான் ஓடினதெல்லாம்?"

"போட்டோவும் எக்ஸ்ரேவும்தான் பாக்கி இருந்துச்சு. இப்ப அதுவும் ஆச்சு. புள்ளி வெச்ச இடத்துல போடுங்க."

போட்டேன். போடும்போதுதான் கொஞ்சம் ரோஷம் வந்தது.

"இத்தனைக்கும், என்கூட வாங்கன்னு நீ ஒரு வார்த்தை கூப்பிட்டிருக்கலாம்."

"கூப்பிட்டிருந்தா வந்திருப்பீங்களா?"

யோசித்துப் பார்த்தேன். முதலில் ஆபீசைச் சொல்லியிருப்பேன். அது எடுபடாவிட்டால் குளிரை. அதுவும் போனால் என் முதுகுவலியை.

"மாட்டேன்," என்றேன்.

"அதான் கூப்பிடலை," என்றாள்.