அப்பாவின் மரண அறிவித்தலைக் கழற்றவும்

அன்புள்ள நிர்மலன் அண்ணாவுக்கு,

நானும் பிள்ளையும் நலம். அப்பாவும் நலம் என்பதை இந்த முறை மரியாதைக்காக எழுதவில்லை, அத்தாட்சியாக எழுதுகிறேன்.

கணக்காளர் வேலையை விட்டுத் தொலைக்காட்சிக்கு எழுதப் போனீர்கள், பேசாமல் இருந்தேன். முதல் தொடரில் கால்வாயில் பிணம், அடுத்ததில் தாதி நஞ்சு வைத்தாள், விருதும் தந்தார்கள், பெருமையாகத்தான் இருந்தது. இப்போது எழுதும் தொடரில் எங்கள் ஆட்களின் வீட்டிலேயே ஒரு கொலை. சரி, செத்தவருக்கு வேறு பெயரே கிடைக்கவில்லையா? படப்பிடிப்புக்காக ட்ராம் நிறுத்தத்துக்குப் பக்கத்துக் கடைக் கண்ணாடியில் ஒட்டிய மரண அறிவித்தலில் அப்பாவின் படம், "லண்டன் மிட்சமை வதிவிடமாகவும் கொண்ட வாமதேவன்" என்று முழு விபரம். வேலை முடிந்ததும் கழற்றாமலே போய்விட்டார்கள். யாரோ அதை வாட்ஸ்அப்பில் போட, இன்று பின்னேரம் மோர்டனிலிருந்து அப்பாவின் தங்கச்சி சந்திரவதனா மாமி இடியப்பமும் சொதியுமாக அழுதுகொண்டு வந்தார். கதவைத் திறந்தது அப்பா. மாமி அப்படியே படியில் இருந்துவிட்டார். மூச்சு வந்ததும் முதல் கேள்வி:

"அண்ணை, அதிலை சகோதரி எண்டு என்ரை பேரைப் போடேல்லையே, ஏன்?"

"நானே செத்துப்போனன், நான் எப்பிடியடி போடுறது?"

பிறகு ஆட்கள் வந்தபடியே இருந்தார்கள். எல்லோருக்கும் செத்தவரே தேத்தண்ணீர் கொடுத்தார். அதைக்கூடத் தாங்கலாம் அண்ணா. ஞாயிற்றுக்கிழமை பிள்ளை லக்‌ஷனுக்குக் கோயிலில் முதற்சோறு தீத்த நாள் வைத்திருக்கிறோமே, கோயில் ஐயர் போன் எடுத்தார்.

"பிள்ளை, செத்த துடக்கு வீடு. முப்பத்தோராம் நாள் முடியட்டும்."

"ஐயா, அப்பா உயிரோடை இருக்கிறார்!"

"அதிர்ச்சியிலை அப்பிடித்தானம்மா இருக்கும். அழுதால் ஆறும்."

போனை அப்பாவிடம் கொடுத்தேன். "ஐயா, நான்தான் வாமதேவன் கதைக்கிறன்" என்றார். ஐயர் உடனே போனை வைத்துவிட்டார். இதற்குள் பிள்ளை மாமியின் இடியப்பத்தை அள்ளி வாய்வரை கொண்டுபோய்விட்டான். கையைத் தட்டிவிட்டேன். என் பிள்ளையின் முதல் சாப்பாடே செத்தவீட்டுச் சாப்பாடா?

உடனே அந்த அறிவித்தலைக் கழற்றுங்கள். தொடரில் பெயரை மாற்றுங்கள். இனிமேல் ஒருவரும் சாகாத நாடகமாக எழுதுங்கள், ஒரு கலியாணம், ஒரு வீடு வாங்குவது, அப்படி ஏதாவது.

உங்களுக்குப் பிள்ளையார் நீண்ட ஆயுளும், அதைவிட முக்கியமாக நல்ல புத்தியும் தரட்டும்.

அன்புத் தங்கை,
தனுஷியா

பி.கு.: விடிந்ததும் அப்பாவைக் கோயிலுக்குக் கொண்டுபோய்க் காட்டினேன். ஐயர் கையைத் தொட்டுப் பார்த்துவிட்டு ஞாயிற்றுக்கிழமைக்கு ஓம் என்று சம்மதித்தார். மேலே பெயரை மாற்றச் சொன்னதை விடுங்கள், மாற்ற வேண்டாம் என்கிறார் அப்பா. "முக்கியமான பாத்திரம், இருக்கட்டும். என்னைக் கொலை செய்தது ஆரெண்டு மட்டும் கேள் பிள்ளை. அதுவும் எங்கடை ஆக்களிலை ஒராளின்ரை பேராத்தான் இருக்கும், ஞாயிற்றுக்கிழமைக்கு அவரையும் கூப்பிட்டிட்டமோ தெரியேல்லை."