மாதாவின் நெற்றி

"யாருடா மாதாவுக்குக் குங்குமம் வச்சது?"

அட்டனிலிருந்து வந்த பங்குச் சாமியார் கேட்டதும், கோயிலைப் பார்த்துக்கொள்ளும் சவரிமுத்து சுவரைப் பார்த்தான். கொழும்பு ஓவியர் நேற்றுப் பொழுது சாயத்தான் வரைந்து முடித்துவிட்டுப் போனார். காலையில் தேயிலைத் தோட்டத்து லயத்துச் சனமெல்லாம் வந்து கும்பிட்டுவிட்டுப் போயிருந்தது. கொழுந்துக் கூடை சுமக்கும் மாதா. கூடைக் கயிறு தலையில். பக்கத்தில், தேயிலைச் செடி வெட்டும் கவ்வாத்துக் கத்தியோடு அவள் கணவர் சூசையப்பர். மாதாவின் நெற்றியில் வட்டமாகச் சிவப்பு.

"பேச்சியம்மாவா இருக்கும் சாமி. அந்தோனியார் சிலைக்கும் அவங்கதான் வைப்பாங்க."

வாசலில் நின்ற பேச்சியம்மா எட்டிப் பார்த்தாள். "அந்தோனியாருக்கு வச்சது நாந்தாங்க. இது நானில்லீங்க."

சாமியார் நம்பவில்லை. "பகலைக்கு ஓவியர் சினிமாக்காரங்களக் கூட்டிட்டு வர்றாரு. புதுசா வரையிற கோயில் படங்களப் பத்தி டொக்கியுமென்டரி எடுக்குறாங்க. அதுக்குள்ள இதத் தொடைக்கணும். இல்லாட்டி ஒன் வேலையும் பின்னால நீ குடியிருக்குற காம்பராவும் வேற ஆளுக்குத்தான்."

சவரிமுத்து ஈரத்துணியால் துடைத்தான். சிவப்பு போகவில்லை.

"சூசையப்பர் பக்கத்துலயே உசுரோட நிக்கிறாரு. அவரு கண்ணு முன்னாலயே பொட்ட அழிக்கிறியே தம்பி," என்றாள் பேச்சியம்மா.

அவன் மண்ணெண்ணெய்ப் போத்தலை எடுத்து வந்தான். போன மாசியில் அவன் மனைவியைச் சவப்பெட்டியில் வைத்தபோது பொட்டு வைத்துவிட்டவள் பேச்சியம்மாதான்.

மண்ணெண்ணெய் தொட்டுத் தேய்த்தான். சிவப்பு போயிற்று. இரண்டு புருவங்களும் கூடவே போயின.

அடுப்புக்கரியால் புருவம் போட்டான். மாதா முறைத்தாள்.

"இது யாரு, கொழுந்து கொறஞ்சா அரைப்பேர் போட்டுச் சம்பளத்த வெட்டுற கணக்கப்புள்ளயா?" என்றாள் பேச்சியம்மா.

கரியாலேயே கூடைக் கயிற்றை அகலமாக்கிப் புருவங்களை மறைத்தான். தலைவலிக்குத் துணி கட்டியவள் போல ஆனாள். இன்னும் கொஞ்சம் இறக்கிப் பார்த்தான். ஒரு கண் கயிற்றுக்குள் போயிற்று.

வெளியே ஜீப் நின்றது.

"குங்குமத்த எடுத்தாச்சு," என்று சுவரைப் பார்க்காமலே சொல்லிக்கொண்டு சாமியார் முன்னால் வந்தார். பின்னால் வந்த ஓவியர் சுவரைப் பார்த்தார். கமராக்காரர் ஓவியரைப் பார்த்தார்.

"அது குங்குமம் இல்ல ஃபாதர். நான் வரைஞ்ச பொட்டு. பொட்டு வச்ச மாதாவப் படம் புடிக்கத்தான் இவங்க கொழும்பிலேருந்து வந்திருக்காங்க."

சவரிமுத்துவைத் திட்டச் சாமியார் வாயைத் திறந்தார். துடைக்கச் சொன்னது யாரென்று நினைவு வர, மூடிக்கொண்டார்.

பேச்சியம்மா முந்தானை முடிச்சை அவிழ்த்து, சின்னக் குங்குமப் பொட்டலம் ஒன்றை எடுத்தாள்.

"அப்ப நான் வச்சுவிடட்டுங்களா, சாமி?"