நூற்பூசணி என்னும் எளிய மாற்று

மனித குலத்தை முன்னோக்கித் தள்ளிய பொருட்கள் மூன்று. முதலாவது நெருப்பு. மூன்றாவது பூசணிக்காய். இரண்டாவதை நான் மறந்துவிட்டேன். இனிச் சொல்லப்போவதிலும் இப்படிச் சில ஓட்டைகள் இருக்கலாம். எது நடந்தது, எது நடந்ததாகக் கோப்பில் எழுதப்பட்டது என்பது எனக்குள் ஒன்றோடொன்று கலந்து கிடக்கிறது. சந்தேகம் வந்த இடத்தில் கோப்பையே நம்பியிருக்கிறேன். எங்கள் அலுவலகத்தில் எல்லோரும் அப்படித்தான்.

அதன் பெயர் பதிவேடுகளின் பதிவேட்டு அலுவலகம். மற்ற அலுவலகங்களில் என்னென்ன பதிவேடுகள் இருக்கின்றன என்பதைப் பதிவுசெய்து வைப்பது அதன் திருப்பணி. அறுபத்து மூன்று பேர் அந்தப் பணியில் அயராது உழைத்தார்கள். அவர்கள் அயராமல் இருந்ததற்குக் காரணம், கீழ்த்தளத்துச் சமையலறை. அதைப் பதினாறு வருடங்களாக ஆண்டுவந்தவர் கரண்டியக்கா. பேசும்போது கரண்டியை நீட்டி நீட்டிப் பேசுவார்; அதனால் அந்தப் பெயர். அவருடைய ஒரே சன்னல் தெருவின் மட்டத்தில் இருந்தது. நடப்பவர்களின் செருப்பு மட்டும்தான் தெரியும். செருப்பைப் பார்த்தே யாருக்கு எவ்வளவு பசி என்று சொல்லிவிடுவார். வியாழக்கிழமைகளில் பாஸ்தா: தக்காளி, பூண்டு, மேலே துருவிய சீஸ். வியாழனன்று எவரும் விடுப்பு எடுப்பதில்லை. இதை நிரூபிக்க ஒரு பதிவேடே இருக்கிறது.

இப்படியிருக்க, இயக்குநர் மூன்று நாள் ஆரோக்கியப் பயிற்சி முகாமுக்குப் போய், வேறு மனிதராகத் திரும்பிவந்தார். வந்ததும் அக்காவைத் தன் அறைக்கு அழைத்தார்.

“அம்மா, பாஸ்தாங்கறது என்ன?”

“கோதுமை மாவு, சார்.”

“இல்லை. அது ஒரு மனநிலை.”

அக்கா கரண்டியைத் தாழ்த்திக்கொண்டார். இயக்குநர் தன் கைப்பேசியில் ஒரு படம் காட்டினார். மஞ்சள் நிறத்தில், நீள்வட்டமாக, தலையணைக்குட்டி போல ஒரு பூசணி.

“வெட்டணும், வேகவைக்கணும், முள்கரண்டியால சுரண்டணும். அப்படியே நூல் நூலா வந்துடும். பாஸ்தாவுக்கு எளிய மாற்று.”

“நல்லாத்தான் இருக்கு சார். ரெண்டு காய் வாங்கிக் குடுங்க, நாளைக்கே செஞ்சு காட்டுறேன்.”

“நாளைக்கா?” இயக்குநர் பதறிவிட்டார். “எளிய விஷயத்துல அவசரப்படக் கூடாதும்மா. குழு போடணும். இன்னொண்ணும் கேட்டுக்கோங்க. அடுத்த மாசம் முதல் வியாழன் இது மேஜைக்கு வரணும். வரலைன்னா சமையலறையைப் பூட்டிட்டு அங்க ஒரு மிஷின் வைக்கலாம்னு மேலிடத்துல பேச்சு. பொத்தானை அமுக்கினா பொட்டலம் விழும்.”

அக்கா படியிறங்கி வந்து, அடுப்பை ஒருமுறை துடைத்தார். ஏற்கெனவே துடைத்ததுதான். பிறகு நெடுநேரம் சன்னலில் செருப்புகளைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

உணவுச் சீர்திருத்தக் குழு ஏழு முறை கூடியது. முதல் கூட்டத்தின் பொருள், காயின் பெயர். கோப்பில் தூய தமிழ்ச் சொல்தான் வரவேண்டும் என்பது விதி. குழு பதினொரு நிமிடம் மௌனம் காத்தது. அந்த அலுவலகத்தின் சிறந்த முடிவுகள் எல்லாம் மௌனத்தில் பிறந்தவை. வாயைத் திறந்தவர் தலையில் வேலை விழும் என்பதை அனைவரும் அறிவர்.

“இழைப்பூசணின்னு வெச்சுக்கலாமே” என்றார், தேநீர் கொண்டுவந்த அக்கா.

“இழைங்கறது தச்சு வேலை” என்றார் குழுச் செயலாளர். “நூற்பூசணி. இதுல ஒரு கம்பீரம் இருக்கு.”

கைதட்டல். கம்பீரத்தில் ஒரு சிறு சிக்கல் மட்டும் இருந்தது. கொள்முதல் படிவத்தில் ‘பொருளின் பெயர்’ என்ற கட்டம், அட்டைப் பெட்டிக்கும் ஆணிக்கும் போதுமான அகலம்தான். நூற்பூசணி அதில் நுழையவில்லை. செயலாளர் படிவத்தை மீறுகிறவர் அல்ல; சுருக்கினார். ‘நூல் (பூ) – 40’. இயக்குநர் ஒப்பமிட்டார்.

மற்ற ஆறு கூட்டங்களில் செய்முறை உருவானது. அதன் பெயர் ‘எளிய செய்முறை’. பதினான்கு பக்கம். மூன்றாம் பக்கத்தில் காயை நீளவாக்கில் வெட்ட வேண்டும் என்று இருந்தது.

“குறுக்கால வெட்டணும் சார்” என்றார் அக்கா. ஒரு காயைத் தன் செலவில் வாங்கி, வீட்டில் செய்து பார்த்திருந்தார். “உள்ளே நூல் வட்டம் வட்டமா ஓடுது. நீளமா வெட்டினா நூல் துண்டு துண்டாப் போயிடும். வளையம் வளையமா வெட்டினாத்தான் நீளமா வரும்.”

“நீளமான நூலுக்குக் குறுக்கு வெட்டா?” செயலாளர் சிரித்தார். “நாங்க ரெண்டு கூட்டம் இதுக்கே செலவழிச்சிருக்கோம்கா.”

காய்கள் ஒரு திங்கட்கிழமை வந்திறங்கின. வாசலில் காவல் பார்த்தவர் அக்காவின் கொழுந்தனார். அவரை அந்த வேலையில் சேர்த்துவிட்டதே அக்காதான். சீட்டைப் பார்த்தார், வண்டியைப் பார்த்தார்.

“நூல் நாற்பது. நூலகம், ரெண்டாவது மாடி.”

“அண்ணே, இது பூசணிக்காய்ணே” என்றார் வண்டிக்காரர்.

“எனக்குக் கண்ணு இருக்குப்பா. சீட்டுக்கு இருக்கா? மேல கொண்டு போ.”

நூலகர் ஒல்லியான, பேசாத மனிதர். ஆறு வருடங்களாக அவருக்கு ஒரு புதிய நூல்கூட வந்ததில்லை. நாற்பது வந்ததும் அவர் கண் கலங்கிவிட்டதாகச் சொல்கிறார்கள். அன்று மாலைக்குள் ஒவ்வொன்றின் தோலிலும் அலுவலக முத்திரை குத்தி, வரிசை எண் எழுதி, காம்புக்கு அருகில் தவணைச் சீட்டை ஒட்டிவிட்டார். தாவரவியல் அலமாரியில் இடம் போதாமல், கனமானவற்றைச் சட்டநூல் அலமாரிக்கு மாற்றினார்.

புதன்கிழமை காலை அக்கா மூச்சிரைக்க மேலேறி வந்தார்.

“தம்பி, காயெல்லாம் இங்கயா இருக்கு? நாளைக்கு வியாழன்ப்பா!”

நூலகர் உதட்டில் விரல் வைத்தார். அறையில் வேறு எவரும் இல்லை. அக்கா குரலைத் தாழ்த்தினார்.

“எனக்கு நாற்பதும் வேணும்.”

“ஒருத்தருக்கு ரெண்டு நூல்தான் அக்கா.”

“அறுபத்து மூணு பேர் சாப்பிடணும்ப்பா!”

“இங்க ‘சாப்பிட’ன்னு ஒரு கட்டம் இல்லையே. ‘வாசிக்க’, ‘மேற்கோள் காட்ட’ ரெண்டுதான் இருக்கு.”

அக்கா ஓடிப்போய் இயக்குநரிடம் சிறப்பு அனுமதிக் கடிதம் வாங்கிவந்தார். அதில் ‘மேற்படி நூல்களை இவருக்கு மொத்தமாக வழங்கலாம்’ என்று இருந்தது. இயக்குநர் படிக்காமல்தான் ஒப்பமிட்டார். படித்துப் பார்த்து ஒப்பமிட்டால் ஒரு நாளைக்கு எத்தனை ஒப்பம் தேறும்? நூலகர் பேரேட்டைத் திறந்தார்.

“பதினாலு நாள். அடிக்கோடு போடக் கூடாது. ஓரம் மடிக்கக் கூடாது. நல்ல நிலையில திருப்பித் தர்றேன்னு இங்க கையெழுத்து.”

அக்காவுக்குப் பேனா நகரவில்லை. “தம்பி, உனக்கே தெரியுமில்ல, இது என்னன்னு?”

நூலகர் நாற்பது காய்களையும் ஒரு முறை பார்த்தார். “ஆறு வருஷமாச்சுக்கா” என்றார்.

கீழே அடுப்பு காத்திருந்தது. அதற்குப் பின்னால் மிஷின் காத்திருந்தது. அக்கா கையெழுத்துப் போட்டார்.

அந்த வியாழன் பொன்னெழுத்தில் பொறிக்கத் தக்கது. அக்கா பதினான்கு பக்கத்தையும் சூடான தட்டுக்கு அடியில் மடித்து வைத்தார். முத்திரை குத்திய தோலைக் கழுவினார், முத்திரை போகவில்லை. காய்களைக் குறுக்காக, வளையம் வளையமாக வெட்டினார். விதையை வழித்தார். எண்ணெயும் உப்பும் தடவித் தட்டுத் தட்டாக அடுப்புக்குள் தள்ளி, ஓரம் லேசாகப் பழுப்பு நிறமாகும்வரை விட்டார். பிறகு முள்கரண்டியால் சுரண்டினார். பொன்னிறத்தில் சுருள் சுருளாக, நீளநீளமாக, நூல் வந்தது. தண்ணீர் விடாமல் இருக்க வாயகன்ற சட்டியில் ஒரு புரட்டு. பூண்டு, தக்காளி, சீஸ். அவ்வளவுதான். உண்மையிலேயே எளிது.

அறுபத்து மூன்று பேரும் தட்டை வழித்தார்கள். கொழுந்தனார் இரண்டாம் முறை வரிசையில் நின்றார். “அண்ணி, கொஞ்சம் அடியில இருக்கறதையும் போடுங்க.” நூலகரும் வந்தார், இது என்ன என்று கேட்காமல் சாப்பிட்டார். கேட்காமல் இருப்பதற்கு அவர் பட்ட பாடு முகத்தில் தெரிந்தது. குழுச் செயலாளர் ஒரு நூலைத் தூக்கிப் பிடித்து, “பார்த்தீங்களா, நீளவாக்குல வெட்டினதோட அருமை!” என்றார். இயக்குநர் பேசினார்: “இன்று நாம் ஒரு காயைத் தின்னவில்லை. ஒரு கொள்கையைத் தின்றிருக்கிறோம்.”

அன்று அக்கா பாத்திரம் கழுவும்போது பாட்டு முணுமுணுத்தார். சமையலறை பிழைத்தது.

பதினைந்தாம் நாள் குறிப்பாணை வந்தது. ‘தங்கள் பெயரில் வழங்கப்பட்ட நாற்பது நூல்கள் இதுவரை திருப்பப்படவில்லை.’ அக்கா அதைக் கையில் எடுத்துக்கொண்டு மேலே ஏறினார்.

“என்னப்பா இது? நீயும்தானே சாப்பிட்ட?”

நூலகர் பேரேட்டை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. “என்கிட்ட நாற்பது குறையுதுக்கா. தணிக்கை வருது. காரணக் கட்டத்துல ஏதாவது எழுதியாகணும்.”

தணிக்கை என்ற சொல் மாடி மாடியாக ஏறி இயக்குநரிடம் போனது. அவர் முதல்முறையாகத் தன் ஒப்பத்துக்கு மேலே இருந்ததைப் படித்தார். வந்தவை காய்கள் என்றால், நூல் வாங்குவதாக எழுதிக் காய் வாங்கியவர் அவர். வந்தவை நூல்கள் என்றால், அவற்றை அடுப்பில் வைத்தவர் அக்கா. இரண்டில் எது உண்மை என்று கண்டறிய விசாரணைக் குழு அமைக்கப்பட்டது. தலைவர், குழுச் செயலாளர்.

“நீங்கள் நூல்களை வெட்டினீர்களா?” என்றார் அவர். விசாரணையில் அவர் எழுத்து நடையில்தான் பேசினார்.

“பூசணிக்காயைக் குறுக்கால வெட்டினேன் சார். நீங்கதானே வெட்டச் சொல்லிப் பதினாலு பக்கம் எழுதினீங்க?”

“நீளவாக்கில்தானே சொன்னோம்? குறுக்காக வெட்டியதாக உங்கள் வாயாலேயே சொல்லியிருக்கிறீர்கள். குறித்துக்கொள்ளுங்கள்: முறை மீறல்.”

கரண்டி மேலே எழுந்தது, பிறகு இறங்கியது. “அறுபத்து மூணு பேர் சாப்பிட்டாங்க. அவங்களைக் கேளுங்க சார். ஒருத்தர் சொன்னாப் போதும்.”

அது நியாயமாகப் பட்டது. அறுபத்து மூன்று பேருக்கும் படிவம் போனது. கேள்வி ஒன்றே ஒன்று: ‘மேற்படி நூலை வாசித்தீர்களா? கருத்து இருப்பின் எழுதவும்.’ கீழே கையெழுத்துக்கு இடம்.

அன்று மதியம் அக்கா மேஜை மேஜையாகப் போனார். பதினாறு வருடத்தில் பரிமாறுவதற்கு இல்லாமல் அவர் மேஜைக்கு வந்தது அதுதான் முதல் தடவை.

“வேற ஒண்ணும் வேண்டாம்ப்பா. சாப்பிட்டேன்னு எழுதுங்க. போதும்.”

“நிச்சயமா அக்கா.”

“இதைக் கேட்கணுமாக்கா?”

“உங்க கையால சாப்பிட்ட உடம்பு அக்கா இது.”

கொழுந்தனார் மட்டும் தரையைப் பார்த்தார். “அண்ணி, எனக்கு ரெண்டு பிள்ளைங்க.”

“எனக்குத் தெரியும். ரெண்டு பேருக்கும் பேர் வெச்சதே நான்தான்.”

படிவங்கள் மாலையில் திரும்பின. ஒருவர், ‘வாசித்தேன். மிகச் சுவையான நடை’ என்று எழுதியிருந்தார். ஒருவர், ‘முடிவு மட்டும் சற்றுக் காரம்.’ நூலகர், ‘வாசித்தேன்’ என்று மட்டும். கொழுந்தனார், ‘இரண்டு முறை வாசித்தேன்.’ அறுபத்து மூன்றில் ஒன்றில்கூடச் சாப்பிட்டேன் என்ற சொல் இல்லை. விசாரணை அறிக்கை, ‘ஊழியர் அனைவரும் இந்நூலைக் கரைத்துக் குடித்திருப்பது தெளிவாகிறது; திருப்பித் தராத பொறுப்பு பெற்றுச் சென்றவரையே சாரும்’ என்று முடிந்தது.

அக்கா அறிக்கையை வாசித்தார். அந்த அலுவலகத்தில் எதையாவது உண்மையிலேயே வாசித்த ஒரே ஆள் அவர்தான்.

பிறகு அவரவர் கதை இப்படி ஆனது. அந்த ஆண்டின் சிறந்த வாசிப்பு அலுவலகம் என்ற கேடயம் எங்களுக்குக் கிடைத்தது. இயக்குநர் அதைப் பெற்றுக்கொண்டு, பதவி உயர்வோடு வேறு கட்டடத்துக்குப் போனார். குழுச் செயலாளர் இயக்குநரானார். நூலகருக்கு வாசிப்பை வளர்த்ததற்காக ஒரு பாராட்டுத் தாள். அவர் அதைச் சட்டமிடாமல் மேஜையறைக்குள் போட்டுப் பூட்டினார். கொழுந்தனார் வாசலில்தான் நிற்கிறார். அண்ணன் வீட்டுப் பக்கம் போவதில்லை. சமையலறை பூட்டப்பட்டது, மிஷினில் பொத்தானை அமுக்கினால் சில நாள் பொட்டலம் விழும், சில நாள் விழாது. அக்கா நகரின் மறுகோடியில் ஒரு மருத்துவமனைக்கு அருகே சிறு சாப்பாட்டுக் கடை நடத்துகிறார். அங்கே எங்கள் அலுவலகத்து ஆள் யாரும் போய் உட்கார்ந்ததில்லை. போவதற்கு எவருக்கும் முகமில்லை.

அறுபத்து மூன்று படிவங்களில் ஐம்பத்தேழாவதில், ‘எளிய நூல். எல்லோரும் வாசிக்க வேண்டியது’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டவன் நான்.